கெட்டில் கொதிக்கும் நேரம்

அழைப்பிதழின் மூன்றாம் பக்கத்தில்தான் அது இருந்தது. முதல் இரண்டு பக்கங்களைத் தெல்மா பாரக்ளஃப் சந்தோஷமாகவே படித்திருந்தாள். நாற்பத்து மூன்று ஆண்டுகள், இருநூற்றுப் பதினேழு எபிசோடுகள், யார்க்‌ஷயர் பேச்சைப் பேச்சாகவே தொலைக்காட்சிக்குக் கொண்டுவந்தவர் என்றெல்லாம் எழுதியிருந்தார்கள். லீட்ஸில் ஓர் ஓட்டலில் மதியச் சாப்பாட்டோடு பாராட்டுக் கூட்டம். மூன்றாம் பக்கத்தில் நிகழ்ச்சி நிரல்: ‘தெல்மா எழுதியவற்றில் நாடு மறக்காத காட்சி திரையிடப்படும். கால்டர் முனை, 1981. சமையலறையில் வால்ட்டரும் ஐவியும்.’

அழைப்பிதழைச் சாப்பாட்டு மேசைமேல் குப்புற வைத்தாள். அந்தக் காட்சியில் ஒரு வரிகூட அவள் எழுதியதில்லை.

ஐம்பது வயதைத் தாண்டியவர்கள் யாரைக் கேட்டாலும் அந்தக் காட்சியைச் சொல்வார்கள். மில்லில் வால்ட்டருக்கு வேலை போய் மூன்று வாரம். மனைவியிடம் சொல்லவில்லை. தினமும் காலையில் ரொட்டி டப்பாவை எடுத்துக்கொண்டு கிளம்பி, சாயங்காலம் காலி டப்பாவோடு திரும்புகிறான். ஐவிக்கு விஷயம் தெரியும். ஏன் மறைத்தாய் என்று அவள் சண்டை பிடிக்கப்போகிறாள் என்று பார்ப்பவர்கள் காத்திருக்க, அவள் டப்பாவைக் கழுவுகிறாள், துடைக்கிறாள், முதுகைத் திருப்பியபடியே கேட்கிறாள்: “எங்க உக்காந்து சாப்பிடுற?” வால்ட்டர் நெடுநேரம் கழித்துச் சொல்கிறான்: “பஸ் ஸ்டாண்டுல. மூணாம் நம்பர் நிறுத்தத்துக்குப் பின்னாடி. அங்க காத்து அடிக்காது.” அவ்வளவுதான் காட்சி. அந்த வருஷம் இங்கிலாந்தின் வடக்கே தெருவுக்கு நாலு வால்ட்டர்கள் இருந்தார்கள். கடிதங்கள் சாக்குப் பையில் வந்தன.

இதெல்லாம் நடந்ததற்குக் காரணம் ஒரு கெட்டில்.

அப்போது தெல்மாவுக்கு இருபத்தொன்பது வயது. ஹாலிஃபாக்ஸ் ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் வேலை. படுக்கை விரிப்புகளோடு வரும் பச்சைச் சீட்டுகளின் பின்பக்கத்தில் வசனம் எழுதுவாள். மேற்பார்வைப் பெண்மணி அதைக் கண்டும் காணாததுபோல் போய்விடுவார். எப்படியோ ஒரு நாடகம் ‘கால்டர் முனை’ தொடர்க்காரர்கள் கைக்குப் போய், ஓர் எபிசோட் எழுதித்தரச் சொன்னார்கள். விளம்பரம் போக இருபத்தைந்து நிமிடம் வர வேண்டும். தெல்மா தன் சமையலறையில் சமையல் நேரம் காட்டும் அடுப்பு மணியை வைத்துக்கொண்டு எல்லாப் பாத்திரங்களையும் தானே பேசி நேரம் பார்த்தாள். கதையில் யாராவது மாடிப்படி ஏறினால் இவளும் ஏறி இறங்கினாள். ‘ஐவி கெட்டிலை அடுப்பில் வைக்கிறாள், கெட்டில் விசிலடிக்கிறது’ என்று எழுதியிருந்த இடத்தில், நிஜமாகவே கெட்டிலை வைத்து அது விசிலடிக்கும்வரை நின்றாள். சரியாக இருபத்தைந்து நிமிடம் வந்தது. பெருமையோடு அனுப்பிவைத்தாள்.

ஒத்திகை ஹெடிங்லியில் ஒரு தேவாலயக் கூடத்தில் நடந்தது. சுவர் எது, கதவு எது என்று தரையில் கலர் டேப் ஒட்டியிருந்தார்கள். தயாரிப்பாளர் பார்க்க, முழுதாக ஒருமுறை நடித்துக் காட்டும் புதன்கிழமை. தெல்மா ஷிஃப்ட் மாற்றிக்கொண்டு வந்திருந்தாள். டைரக்டர் டெஸ்மண்ட் ஃபிர்த் பக்கத்தில் அவருடைய உதவியாளர் மியூரியல் ஸ்டாட் கழுத்தில் ஸ்டாப்வாட்சோடு உட்கார்ந்திருந்தார். நேரம் குறிப்பதுதான் அவர் வேலை. நாற்பத்து மூன்று வயது, கம்பளிக் கோட்டு, தாடையில் பென்சில் கோடு. நடிகர்கள் படி ஏறவில்லை, கெட்டிலுக்குக் காத்திருக்கவுமில்லை. கடைசி வசனம் முடிந்ததும் மியூரியல் கட்டைவிரலால் அழுத்தினார்.

“மூணு நிமிஷம் நாப்பது விநாடி குறையுது.”

கூடத்தில் எல்லோரும் தெல்மாவைப் பார்க்காமல் இருக்க முயன்றார்கள். டெஸ்மண்ட் கோபப்படவில்லை, அது இன்னும் கஷ்டமாக இருந்தது. இரண்டே பேர், இருக்கிற சமையலறை செட், புது உடை கிடையாது, சாயங்காலத்துக்குள் ஒரு காட்சி எழுதிக் கொடு என்று சொல்லிவிட்டுச் சாண்ட்விச் சாப்பிடப் போனார்.

தெல்மா கூடத்தின் பின்னறையில், ஞாயிற்றுக்கிழமைத் தேநீருக்கான பெரிய பாத்திரங்களுக்கு நடுவே இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருந்தாள். காகிதத்தில் ‘ஐவி’ என்று எழுதி இரண்டு புள்ளி வைத்தாள். அதற்குமேல் ஓடவில்லை. டீ போட வந்த மியூரியல் காகிதத்தைப் பார்த்தார், முகத்தைப் பார்த்தார், எதிர் நாற்காலியில் உட்கார்ந்தார்.

“கண்ணு, உன் ரயில் எத்தன மணிக்கு?”

“அஞ்சு நாப்பது.”

“நாளைக்கு வேலையிருக்கா?”

“காலைல ஆறு மணிக்கு.”

“அப்ப கிளம்பு. ரயில விட்டுட்டு இங்க உக்காந்து அழுதா, அழுகையையும் நான் டைம் பண்ணணும்.”

மறுநாள் பத்து மணிக்குச் சலவைக்கூட ஆபீசுக்குத் தொலைபேசி வந்தது. மியூரியல் அவசரமாகப் பேசினார். காட்சி முடிந்துவிட்டது, டைப் அடித்து எல்லோருக்கும் கொடுத்தாயிற்று. நீ போனில் வாசித்தாய், நான் எழுதிக்கொண்டேன் என்று டெஸ்மண்டிடம் சொல்லியிருக்கிறேன், நீயும் அதையே சொல்லு என்றார். தெல்மா நன்றி சொல்லக்கூட நேரமில்லாமல் வைத்துவிட்டார்.

அந்தப் பொய் ஏன் என்று தெல்மாவுக்குத் தெரியாமலில்லை. டைரக்டரின் உதவியாளர்களுக்கு ஒரு யூனியன், எழுத்தாளர்களுக்கு வேறு யூனியன். அடுத்தவர் வேலையைத் தொட்டால் வேலைநிறுத்தம், செட்டில் விளக்கெல்லாம் அணைந்துவிடும். ஆறு வாரம் முன்னால்தான் ஒரு கதாசிரியர் செட்டில் வழியை மறித்த நாற்காலியை நகர்த்தி வைத்து, அன்று மதியம் முழுக்க வேலை நின்றிருந்தது. ஓர் உதவியாளர் வசனமே எழுதினார் என்று தெரிந்தால் மியூரியலின் வேலை போயிருக்கும். அதனால் தெல்மா வாயை மூடிக்கொண்டாள். ஒளிபரப்பில் அவள் பெயர் வந்தது. உதவியாளர்கள் பெயரை அப்போது திரையில் போடுவதில்லை.

அந்தக் காட்சிக்காகத்தான் அடுத்த எபிசோட் கிடைத்தது. அடுத்தது, அதற்கடுத்தது. எட்டு மாதத்தில் சலவைக்கூடத்தை விட்டாள். அதன்பிறகு எழுதியதெல்லாம் அவளே எழுதியதுதான். கால்டர் முனையில் ஆறு வருஷம், பிறகு ஓர் ஆஸ்பத்திரித் தொடர், மூன்று பகுதியாக வந்த ஒரு கொலைக்கதை, யாருமே பார்க்காத ஒரு சரித்திர நாடகம். தொண்ணூறுகளின் நடுவில் இரண்டு வருஷம் தொலைபேசி ஒலிக்கவே இல்லை. பழைய நல்ல காட்சிகளைத் தொகுத்துப் போட்ட ஏதோ கிறிஸ்துமஸ் நிகழ்ச்சியில் வால்ட்டரும் ஐவியும் வர, அதைப் பார்த்த புதுத் தயாரிப்பாளர் ஒருவர் கூப்பிட்டார். ஆக, மியூரியல் அவளைத் தூக்கிவிட்டது இரண்டு முறை.

மியூரியலோடு பழக்கம் விட்டுப்போகவில்லை. ஒரு பக்கத்தை எப்படி நேரம் பார்ப்பது என்று கற்றுத்தந்தவரே அவர்தான். வருஷா வருஷம் கிறிஸ்துமஸ் அட்டையில் ஒரே வரி எழுதுவார்: ‘இன்னும் கெட்டில் கொதிக்குதா?’ ஆனால் அந்தக் காட்சியைப் பற்றி இருவரும் பேசியதே கிடையாது. யூனியன் கெடுபிடிகள் போயின, தொடரை எடுத்த லீட்ஸ் தொலைக்காட்சிக் கம்பெனியை வேறொரு கம்பெனி வாங்கியது, டெஸ்மண்ட் இறந்தார். காரணம் போனபிறகும் மௌனம் மட்டும் பழக்கமாக நின்றுவிட்டது. அந்த வரி எப்படித் தோன்றியது என்று பேட்டிகளில் கேட்கும்போதெல்லாம் தெல்மா, “அது தானா வந்துது” என்பாள். பொய் இல்லை. உண்மையும் இல்லை.

இப்போது மியூரியலுக்கு எண்பத்தாறு வயது. இதயத்தில் கோளாறு, போன வசந்தத்தில் இருமுறை ஆஸ்பத்திரி. இந்தக் கூட்டத்தில் சொல்லாவிட்டால் இனி சொன்னால் கேட்க அவர் இல்லாமல் போகலாம்.

தெல்மா கூட்டத்தை நடத்தும் ஏட்ரியனைத் தொலைபேசியில் கூப்பிட்டுச் சொன்னாள். ஏட்ரியன் கெட்ட மனிதர் இல்லை. இருநூறு டிக்கெட் விற்றிருந்தார், அவ்வளவுதான். நாற்பது வருஷத்து ஞாபகம் குழப்பும் என்றார். நாடகம் என்பதே பலபேர் வேலைதானே என்றார். ‘குழுவில் எல்லோருக்கும் நன்றி’ என்று பொதுவாகச் சொன்னால் போதாதா என்று கேட்டார். தெல்மா போதாது என்றாள். கடைசியில் அவர் ஒன்று கேட்டார்.

“அந்தம்மாகிட்ட கேட்டீங்களா? அவங்களுக்குச் சம்மதமா?”

தெல்மாவுக்கு அந்த யோசனையே வந்திருக்கவில்லை. திருப்பிக் கொடுக்கிறோம் என்ற நினைப்பில், வாங்கிக்கொள்கிறவரைக் கேட்க வேண்டும் என்பதை மறந்திருந்தாள்.

மறுநாளே பஸ் பிடித்து ஆட்லிக்குப் போனாள். மியூரியலின் வீடு தரைத்தளத்தில் ஓர் அறையும் கூடமும். ஸ்டாப்வாட்ச் அடுப்புக்கு மேலே ஆணியில் தொங்கியது. முட்டை வேகவைக்க அதைத்தான் பார்ப்பார். டீயும் இஞ்சிக் கேக்கும் வந்தன. தெல்மா பஸ்ஸில் தயார் செய்துகொண்ட வாக்கியங்களை விட்டுவிட்டு, நேரடியாகச் சொன்னாள்.

“இதுக்கா பஸ் ஏறி வந்த?” என்றார் மியூரியல். “போன்ல சொல்லியிருந்தா இன்னும் கொஞ்சம் நல்ல கேக்கா வாங்கி வெச்சிருப்பேன்.”

“சொல்லட்டுமா வேண்டாமா, மியூரியல்?”

“சொன்னா என்னாகும்? யூனியன்காரன் எவனும் உயிரோட இல்ல. உனக்குத்தான் சிக்கல். உன்னை இதுக்காகத்தான் கூப்பிட்டிருக்காங்க.”

“தெரியும்.”

மியூரியல் கேக்கில் ஒரு துண்டை வெட்டி, சாப்பிடாமல் தட்டிலேயே நகர்த்தினார். பிறகு மெதுவாகச் சொன்னார்:

“எனக்கு அந்தப் பேர் வரலன்னு ஒரு நாளும் வருத்தமில்ல கண்ணு. அதுக்கப்புறம் நான் எதையும் எழுதல, எழுத வரவும் இல்ல. நீ எழுதின, நான் பாத்தேன். ஆனா ஒண்ணு. நாப்பத்து மூணு வருஷமா ஊர்ல இருக்கறவன் எல்லாம் உன்கிட்ட கேட்டான், அந்த வரி எங்கேருந்து வந்துதுன்னு. நீ என்கிட்ட ஒரு தடவைகூடக் கேக்கலையே.”

கேட்டால் அது தன்னுடையதில்லை என்று ஒப்புக்கொண்டதாகிவிடும், அதனால்தான் கேட்கவில்லை என்பது தெல்மாவுக்கே அப்போதுதான் விளங்கியது. கோப்பையைக் கீழே வைத்தாள்.

“எங்கேருந்து வந்துது?”

மியூரியல் சொன்னார். அவருடைய அப்பா கீத்லியில் ஒரு சாயப்பட்டறையில் இருந்தவர். மியூரியலுக்குப் பதினாலு வயதாக இருந்தபோது கம்பளி விலை சரிந்து, பட்டறையை மூடினார்கள். வீட்டில் யாருக்கும் தெரியாது. ஒருநாள் மியூரியல் பல் டாக்டரிடம் போகப் பள்ளிக்கூடத்திலிருந்து மத்தியானம் கிளம்பி, மாடி பஸ்ஸின் மேல்தட்டில் முன்சீட்டில் உட்கார்ந்திருந்தார். பஸ் ஸ்டாண்டுக்குள் திரும்பும்போது கீழே பெஞ்சில் அப்பா. மடியில் டப்பா. ரொட்டியைச் சின்னச் சின்னதாகப் பிய்த்து, நேரம் போக வேண்டும் என்பதுபோல் மென்றுகொண்டிருந்தார்.

“அவர் நிமிந்து பாத்தார். என்னைப் பாத்தாரா, பஸ்ஸப் பாத்தாரா, இன்னிக்கி வரைக்கும் தெரியாது. நான் குனிஞ்சு ஷூ லேஸ் கட்டினேன். கட்டியிருந்த லேஸை அவுத்துத் திரும்பக் கட்டினேன். சாயங்காலம் வந்தார், எல்லாரும் உக்காந்து சாப்பிட்டோம். யாரும் ஒண்ணும் கேக்கல. அஞ்சு வாரத்துல வேற வேலை கெடைச்சுது. நான் கேக்காமலே அவரும் போய்ச் சேந்துட்டார்.” டீயைக் குடித்தார். “அன்னிக்கி நீ போனப்புறம் அந்தப் பாத்திரங்க நடுவுல உக்காந்து, கேட்டிருந்தா எப்படியிருக்கும்னு எழுதினேன். ஒரு மணி நேரம்கூட ஆகல.”

கூடத்தில் பக்கத்து வீட்டு ரேடியோவின் சத்தம் மெலிதாகக் கேட்டது. இத்தனை வருஷமும் மனிதர்கள் தன் கையைப் பிடித்துக்கொண்டு, என் வீட்டில் நடந்ததை எப்படி எழுதினீர்கள் என்று கேட்டதெல்லாம் தெல்மாவுக்கு ஒவ்வொன்றாக நினைவு வந்தது. எல்லாம் அந்த மேல்தட்டில் குனிந்திருந்த பெண்ணுக்கு வந்த கைகள்.

“என் பேரைச் சொல்லு,” என்றார் மியூரியல். “கேக்க ஆசையாத்தான் இருக்கு. ஆனா பெஞ்சு எங்கப்பாவோடது. அவரே வெளில சொல்லாதது. அதை அங்க கொண்டுபோகாத.”

“மாட்டேன்.”

“எத்தன நிமிஷம் குடுத்திருக்காங்க?”

“நாலு.”

“நீ நாலுன்னு எழுதினா ரெண்டேமுக்கால்தான் வரும்.”

“வந்து டைம் பண்ணுங்க.”

“சாப்பாடு என்ன?”

“கோழி.”

“எப்பவும் கோழிதான்,” என்றார் மியூரியல். “சரி, வர்றேன்.”

கூட்டத்தன்று மழை. காலை முதலே ஏட்ரியனின் முகம் சரியில்லை. தெல்மா கேட்ட ஒரே உதவி, காட்சியைப் பேச்சுக்குப் பிறகு போட வேண்டும் என்பது. நிரல் அச்சாகிவிட்டது என்று முணுமுணுத்தாலும் அதைச் செய்துகொடுத்தார். மியூரியல் ஐந்தாம் மேசையில், நீலச் சட்டையும் கழுத்தில் ஸ்டாப்வாட்சுமாக உட்கார்ந்திருந்தார். பக்கத்திலிருந்தவர் அது நகை என்று நினைத்துப் பாராட்டினாராம்.

தெல்மா சலவைக்கூடத்தில் ஆரம்பித்தாள். பச்சைச் சீட்டுகளைச் சொன்னாள், கண்டும் காணாததுபோல் போன மேற்பார்வைப் பெண்மணியைச் சொன்னாள். கெட்டில் கதைக்குச் சிரித்தார்கள். சிரிப்பு அடங்கியதும் காகிதத்தை மடித்து வைத்துவிட்டுச் சொன்னாள்:

“இப்போ நீங்க பாக்கப்போற காட்சிய எழுதினது நான் இல்ல. எழுதினது மியூரியல் ஸ்டாட். அஞ்சாவது மேசைல இருக்காங்க. அன்னிக்கிச் சொன்னா அவங்க வேலை போயிருக்கும். அப்புறம் சொல்லாததுக்கு அந்தக் காரணம் கிடையாது. என் தப்புதான்.”

யாரோ ஒருவர் இன்னொரு வேடிக்கைக் கதை என்று நினைத்துச் சிரித்து, தனியாகச் சிரிப்பது தெரிந்து நிறுத்திக்கொண்டார். முள்கரண்டிச் சத்தம் நின்றது. அந்த வரி எங்கிருந்து வந்தது என்று சொல்வதற்கு இதுவே இடம். கூடம் முழுக்க அதைத்தான் எதிர்பார்த்தது, அவளுக்கும் நாக்கு நுனியில் இருந்தது. பஸ்ஸின் மேல்தட்டு, ஷூ லேஸ், கீழே பெஞ்சு. சொன்னால் இந்த அறை எப்படி உறைந்துபோகும் என்று நாற்பது வருஷம் நாடகம் எழுதியவளுக்குத் தெரியாதா. கையை மேசை விளிம்பில் ஊன்றி நின்றாள். ஐந்தாம் மேசையைப் பார்த்தாள். மியூரியல் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

பிறகு தெல்மா சொன்னாள்: “என் சாப்பாடு, என் வீடு, என் பொண்ணோட படிப்பு, எல்லாம் அந்த மூணு நிமிஷம் நாப்பது விநாடியிலேருந்து வந்துது. நன்றி, மியூரியல். ரொம்ப லேட்டாச் சொல்றேன்.”

விளக்கு மங்கியது. ஐவி டப்பாவைக் கழுவினாள், துடைத்தாள், கேட்டாள். தெல்மா திரையைப் பார்க்கவில்லை. அங்கே காற்று அடிக்காது என்று வால்ட்டர் சொன்னபோது மியூரியல் கைக்குட்டையை எடுத்தார். மூக்கைத் துடைத்துக்கொண்டு மறுபடி நிமிர்ந்து உட்கார்ந்தார். விளக்கு வந்ததும் நாற்காலிகள் பின்னால் தள்ளப்படும் சத்தம். எல்லோரும் எழுந்து திரும்பிக் கைதட்டியது ஐந்தாம் மேசையை நோக்கி. மியூரியல் எழவில்லை. உட்காருங்கள், கோழி ஆறிவிடும் என்று பக்கத்தில் இருந்தவர்களிடம் சொல்லிக்கொண்டே இருந்தார். ஏட்ரியன்தான் கடைசியாகக் கைதட்டலை நிறுத்தியவர்.

கோட்டு மாட்டும் இடத்தில் பழைய தயாரிப்பாளர் கிளைவ் ஹெப்டன் வழிமறித்தார். முகத்தில் சிரிப்பு இருந்தாலும் குரலில் இல்லை.

“அப்போ உன்னை நாங்க ஓசி டிக்கெட்டுலதான் உள்ள விட்டிருக்கோம்.”

“ஆமா கிளைவ்,” என்றாள் தெல்மா. “அப்புறம் இருநூத்துப் பதினாறு தடவை காசு குடுத்து வாங்கினேன். அந்த எபிசோடுல பாதிய நீ படிக்கவே இல்ல.”

வெளியே டாக்சிக்குக் காத்திருந்தார்கள். வாசல் கூரைக்கடியில் மழைச் சாரல் வராத மூலையில் மியூரியலை நிறுத்தி, கோட்டின் மேல் பொத்தானைப் போட்டுவிட்டாள் தெல்மா. மியூரியல் கழுத்திலிருந்த ஸ்டாப்வாட்சை எடுத்துக் கண்ணுக்கு அருகே பிடித்தார்.

“நாலு நிமிஷம் பதினெட்டு விநாடி.”

“கூடுதலா போயிடுச்சா?”

“உன் ஆயுசுல முதல் தடவையா. நடுவுல ஒரு கெட்டில வெச்சுட்டு நின்ன.”

“ஆமா,” என்றாள் தெல்மா. “நின்னேன்.”

டாக்சி வளைந்து வந்து நின்றது. மியூரியல் ஸ்டாப்வாட்சைச் சட்டைக்குள் விட்டுக்கொண்டு அவள் கையைப் பிடித்துப் படியிறங்கினார்.

“அது இருக்கட்டும்,” என்றார். “அதை வெட்டாத.”